ஓடாமல் போன பெயர்கள்

எங்கள் அண்ணன் மறைந்து ஓராண்டு நிறையும் இவ்வேளையில், இந்த நினைவு மலரில் அவருடைய பெருமையை எழுதத்தான் உட்கார்ந்தேன். என் சிறுமையைச் சொல்லாமல் அதை எழுத முடியவில்லை. பெரியோர் பொறுத்தருள வேண்டும்.

அண்ணன் ரிவர்ஸ்டன் மலைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில் பிறந்தார். அப்பா சீக்கிரமே தவறிவிட, அம்மா கொழுந்து எடுத்து எங்கள் இருவரையும் ஆளாக்கினார். மாத்தளை டவுனில் கல்யாண வீடியோ எடுத்துப் பிழைத்துக்கொண்டே அண்ணன் நான்கு படங்கள் எடுத்தார். எழுதியவர், இயக்கியவர், தயாரித்தவர் எல்லாம் அவரே. சாப்பாட்டுப் பார்சல் சுமந்தவரும் அவரே. பனிமூட்டம் விலகுவதற்காக மூன்று நாள் மலையில் காத்துக் கிடந்த பிடிவாதக்காரர். கடைசிப் படத்தில் அம்மாவையே கொழுந்துக் கூடையுடன் நடிக்கவைத்தார்.

அதை மாத்தளையில் ஒரு மண்டபத்தில் திரையிட்டபோது, என் அண்ணன் எடுத்த படம் என்று தெரிந்து என் மேலதிகாரியும் வந்திருந்தார். எங்களுடையது தோட்டத்துக் கிளார்க் குடும்பம் என்று அலுவலகத்தில் நான் கதை அளந்து வைத்திருந்தேன்.

"யாருங்க அந்தம்மா? நெசமாவே கொழுந்து எடுக்கிறவங்க மாதிரி இருக்காங்களே," என்றார்.

"யாரோ நடிக்க வந்தவங்க சேர்," என்றேன்.

பின்னால் புரொஜெக்டர் அருகே நின்ற அண்ணனுக்கு அது கேட்டுவிட்டது. படத்தின் முடிவில் 'நடிப்பு: எங்கள் அம்மா' என்று அம்மாவின் பெயரோடு எழுத்து ஓடும், அதற்குக் கீழேதான் அண்ணனுடைய பெயரும். கடைசிக் காட்சி முடிந்ததுமே கணினியை மூடிவிட்டு, "மன்னிச்சுக்குங்க, மெசின் நின்னுருச்சு," என்றார். சொந்த ஊரில் தன் பெயரைத் திரையில் பார்க்க அவர் எவ்வளவு ஆசைப்பட்டார் என்பது எனக்குத் தெரியும்.

முழங்கால் வலியால் வீட்டிலேயே இருந்த அம்மா, "எம் பேரு வந்துச்சா சாமி?" என்று கேட்டார்.

"வந்துச்சும்மா. எல்லாரும் கைதட்டுனாங்க," என்றார் அண்ணன்.

நான் பக்கத்தில்தான் நின்றேன். வாயைத் திறக்கவில்லை. அண்ணன் நோயில் படுத்திருந்த மாதங்களிலும் மன்னிப்புக் கேட்க நாள் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டேன். எழுதவே வெட்கமாக இருக்கிறது.

இதை அச்சுக்குக் கொடுக்குமுன் அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். முழுவதையும் கேட்டார். பிறகு, "எம் பேரு கெடக்கட்டும். அவன் பேரும் வரலையாடா?" என்றார்.

மருத்துவமனையில் அண்ணனுக்குத் துணையிருந்த உறவினர்களுக்கும், படப்பிடிப்புக்கு லொறியும் தேத்தண்ணியும் தந்த தோட்டத்து மக்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

இன்று நினைவுநாள் சாப்பாட்டுக்குப் பின் அந்தப் படத்தைப் போடுகிறோம். என் மேலதிகாரியையும் அழைத்திருக்கிறேன். அம்மா முன்வரிசையில் இருப்பார். பெயர்கள் ஓடி முடியும்வரை தயவுசெய்து யாரும் எழுந்துவிடாதீர்கள்.