நின்றுபோன எண்கள்: தணிகாசலம் அவர்களின் நினைவாக

சங்கராபுரத்திலிருந்து அந்த அழைப்பு வந்தபோது நான் பில் கவுன்ட்டரில் இருந்தேன். "மாமா போய்ட்டாருங்க சார். வேலைக்குக் கெளம்பி சட்டை மாட்டிக்கினு இருந்தாரு, அப்படியே சாஞ்சுட்டாரு" என்றார் தணிகாசலத்தின் மைத்துனர்.

கள்ளக்குறிச்சியில் எங்கள் மருத்துவமனையின் கணினிகளையெல்லாம் பார்த்துக்கொண்டவர் தணிகாசலம். செய்தி கேட்டதும் எனக்கு முதலில் வந்தது துக்கம் அல்ல, பயம். தீவிர சிகிச்சைப் பிரிவின் திரையருகே இப்போது யார் இருக்கிறார்கள்? போனை வைத்துவிட்டு மாடிக்கு ஓடினேன்.

இரங்கல் கூட்டத்தில் வாசிக்க நாலு நல்ல வார்த்தை எழுதித் தரச் சொன்னார்கள். நல்லதை மட்டும் பொறுக்கி எழுத எனக்கு வராது. நடந்ததை எழுதுகிறேன்.

எம்.சி.ஏ. முடித்த என்னைப் பில் போட உட்கார வைத்தார்கள். சங்கராபுரத்தில் தட்டச்சுப் பள்ளி நடத்திய அவரிடம் கணினி அறையின் சாவியைக் கொடுத்தார்கள். அவர் மருத்துவமனையை நடத்தும் பெரிய டாக்டரின் ஊர்க்காரர் என்பதைத் தவிர வேறு காரணம் எனக்கு அன்றும் தெரியவில்லை, இன்றும் தெரியவில்லை. அவரோ என்னைக் கண்டால் சிரிப்பார். "இன்னா எம்.சி.ஏ. சார், பிரிண்டர்ல பேப்பர் மாட்டிக்கிச்சா? கூப்புடுங்க, இதுக்கெல்லாம் படிப்பு பத்தாது!" நான் சிரித்ததில்லை.

நோயாளிகள் காத்திருக்கும் கூடத்தில், முறை வந்தவரின் பெயரைக் காட்டும் டிவி ஒன்று வைத்தோம். தீவிர சிகிச்சைப் பிரிவில் படுத்திருப்பவர்களின் நாடித் துடிப்பையும் ரத்தத்தில் இருக்கும் ஆக்சிஜன் அளவையும் ஒரே திரையில் காட்டும் பழைய கணினியிலேயே இதற்கான மென்பொருளையும் ஏற்றச் சொன்னார் பெரிய டாக்டர். இன்னொரு கணினி எதற்கு என்றார். டிவியில் தமிழ் உடைந்து வந்தது. கொம்பு ஓரிடம், எழுத்து ஓரிடம், நடுவில் புள்ளி வட்டம். கல்வராயன் மலையிலிருந்து வந்த கொளஞ்சி என்பவர் காலையிலிருந்து உட்கார்ந்து, தன் முறையைத் தவறவிட்டார்.

"உன் பேரு வந்து போச்சேய்யா, கவனிக்காம இன்னா பண்ண?" என்றார் தணிகாசலம்.

"அதையேதாங்க பார்த்துக்கினு இருக்கேன். பூச்சி பூச்சியா என்னமோ வந்துது. அதா என் பேரு?"

கூடமே சிரித்தது. தணிகாசலத்துக்கு முகம் சுருங்கிவிட்டது. மறுநாளே சரிசெய்வதாகக் கொளஞ்சியிடம் சொன்னார்.

திரையில் எழுத்து வரையும் வேலையை ஒவ்வொரு மென்பொருளும் தனியாகச் செய்வதில்லை. அதற்கென ஒரு பொதுக் கோப்பு கணினியில் இருக்கும், எல்லாம் அதைத்தான் அழைக்கும். டிஎல்எல் என்பார்கள். பழைய கணினியில் தமிழ் உடைந்தால், புதியதிலிருந்து அந்தக் கோப்பை எடுத்துவந்து பழையதன்மேல் போடுவது எங்கள் தலைமுறையின் கைவைத்தியம். பென்டிரைவில் அதை வைத்துக்கொண்டே பலர் திரிந்தார்கள். தணிகாசலமும் அதைத்தான் செய்தார்.

அவர் கோப்பை மாற்றிய அன்று தீவிர சிகிச்சைப் பிரிவில் என் மனைவி அமுதா படுத்திருந்தாள். வெள்ளிமலையில் ஆசிரியை. பள்ளிச் சமையற்கூடத்தின் விறகுக் கட்டையை நகர்த்தியபோது நாகம் கடித்திருந்தது. விஷமுறிவு மருந்து ஏறிக்கொண்டிருந்தது. மூச்சு தளர்கிறதா என்று பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும் என்றார் டாக்டர். உறவினர்கள் பயப்படுகிறார்கள் என்று, கட்டிலருகே இருக்கும் கருவிகளின் சத்தத்தைக் குறைத்து வைப்பது எங்கள் வழக்கம். சிஸ்டர்கள் வெளியே இருந்த அந்தத் திரையைத்தான் நம்பினார்கள். நானும் அதன் முன்தான் நின்றேன். அவளுடைய ஆக்சிஜன் தொண்ணூற்றேழு என்று காட்டியது. அந்த எண்ணைச் சாமி படத்தைப் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டு நின்றேன்.

கூடத்திலிருந்து தணிகாசலம் உற்சாகமாக வந்தார். "டிவியில கொளஞ்சி இப்ப முழுசா வந்துட்டாருங்க சார்! அம்மாவுக்கு எப்பிடி இருக்குது?"

"தொண்ணூற்றேழு. அப்படியே நிக்குது."

அவர் திரையைப் பார்த்தார். அலைக்கோடுகள் ஓடிக்கொண்டிருந்தன. அவர் கோடுகளைப் பார்க்கவில்லை, எண்களைப் பார்த்தார். அவருடைய சிரிப்பு மெல்ல அடங்கியதை நான் பார்த்தேன்.

"அப்படியேன்னா? ஒண்ணுகூட ஏறி இறங்கலையா?"

"இல்லை."

"யாருக்குமே அசையல சார்... ஒரு நம்பர்கூட அசையல!"

கத்திக்கொண்டே உள்ளே ஓடினார். அமுதாவின் உதடு நீலம் பாரித்திருந்தது. கண்ணிமை பாதி மூடிக் கிடந்தது. சிஸ்டர் ஓடிவந்தார், டாக்டர் வந்தார், தொண்டையில் குழாய் இறங்கியது. என்னை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினார்கள். வெளியே திரையில் அவள் இன்னமும் தொண்ணூற்றேழாகவே இருந்தாள்.

பிழைத்துக்கொண்டாள்.

கரண்ட் ஏறி இறங்கியதால் வந்த கோளாறு என்று சொல்லும்படி மேலிடத்தில் அவரிடம் சொன்னார்கள். தணிகாசலம் என்னிடம் அப்படிச் சொல்லவில்லை. "கரண்டு இல்லீங்க சார். நான் மாத்துன ஃபைல். தமிழு வந்துது, இந்த நம்பர் நின்னுபோச்சு. ரெண்டுத்துக்கும் அது ஒண்ணுதான்னு எனக்குத் தோணவே இல்ல. அடிச்சிடுங்க சார்." நான் அடிக்கவில்லை. வேலைக்கு வெளியே அவரிடம் பேசுவதை அன்றோடு நிறுத்திக்கொண்டேன். அமுதா பேசினாள். அது அவள் மனசு.

பழைய கோப்பைத் திரும்பப் போட்டார். டிவிக்கு வேறு கணினி வாங்க வைத்தார். பிறகு கணினி அறையைவிட்டுத் தன் நாற்காலியைத் தூக்கிவந்து, தீவிர சிகிச்சைப் பிரிவின் கண்ணாடிக்கு எதிரே போட்டுக்கொண்டார். திரையில் எண்ணைப் பார்ப்பார், உள்ளே போய் நோயாளியின் கையைத் தொட்டுப் பார்ப்பார். "தணிகாசலம் வைத்தியர் ரவுண்ட்ஸ் கெளம்பிட்டாரு" என்று பையன்கள் கேலி செய்வார்கள். ஒருமுறை அவர்களுக்குப் பதில் சொன்னார்: "ஸ்கிரீன் செத்துப்போனா பயமில்லடா. கறுப்பாயிடும், எல்லாருக்கும் தெரிஞ்சுடும். உசுரோட இருக்கிறாப்பல நடிச்சுதுன்னா இன்னா பண்ணுவ?" கேலி நிற்கவில்லை.

சங்கராபுரத்தில் அவருடைய உடலுக்கு அமுதா மாலை போட்டாள். நான் வாசலிலேயே நின்றேன். காரியம் முடிந்ததும் பெரிய டாக்டர் கூப்பிட்டு, கணினிகள் இனி என் பொறுப்பு என்றார். இத்தனை வருடம் எதற்காகப் பொருமினேனோ அது கைக்கு வந்தது.

வந்த முதல் வேலையே திரைக்கான புதிய மென்பொருள். நிறுவ வந்த இளைஞர் என்னைக் கேட்காமலே கணினி முன் உட்கார்ந்துவிட்டார். "இந்த ஃபைலை வேற புரோகிராமும் யூஸ் பண்ணுது, மாத்தவான்னு கேக்குது. எப்பவும் கேக்கும் சார். எஸ் குடுத்துடலாமா?"

"கையை எடுங்க" என்றேன். என் குரல் எனக்கே அந்நியமாக இருந்தது. "உள்ளே ஆட்கள் படுத்திருக்காங்க."

அவரை அனுப்பிவிட்டு, கண்ணாடிக்கு எதிரே தணிகாசலத்தின் நாற்காலியில் உட்கார்ந்தேன். முதல் கட்டிலில் யாரோ ஒரு முதியவர். திரையில் அவருக்கு எல்லாம் சரியாக இருந்தது. நான் அவர்மேல் கிடந்த போர்வையைப் பார்த்தேன். ஏறியது, இறங்கியது. பிறகு ஏறவில்லை. நான் பாதி எழுந்துவிட்டேன். மெதுவாக மீண்டும் ஏறியது.

தணிகாசலம், உங்களை நான் மன்னிக்கவில்லை. ஆனால் உங்கள் நாற்காலியைவிட்டு எழுந்து போகவும் தைரியம் வரவில்லை. நீங்கள் போய் வாருங்கள். நான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.