முப்பத்தைந்து கிலோமீட்டர் அத்தியாயம்

என் அக்கா பதின்ம வயதுப் பிள்ளைகளுக்குச் சரித்திர நாவல் எழுதுகிறவள். வயிற்றுப்பாட்டுக்குப் பார்சல் ஆபீஸில் முத்திரை குத்துகிறாள். அவளுக்கு ஒரு வில்லங்கமான வழக்கம் உண்டு. கதையில் வருகிறவர்கள் செய்வதைத் தானும் செய்து பார்க்காமல் ஒரு வரி எழுத மாட்டாள். பழைய காலத்துச் சலவைக்காரியைப் பற்றி எழுதியபோது வீட்டுத் துணி முழுவதையும் சாம்பல் தண்ணீரில் ஊறப்போட்டாள். என்னுடைய ஒரே நல்ல சட்டை அதோடு ஒழிந்தது. இவ்வளவு செய்தும் முதல் இரண்டு புத்தகங்களைச் சீந்துவாரில்லை.

மூன்றாவது நாவலில், நூற்றைம்பது வருஷத்துக்கு முந்தைய முற்றுகையின்போது, பதினாலு வயதுப் பெண் ஒருத்தி துறைமுகத்திலிருந்து கோட்டைவரை ஒரே பகலில் தபால் பையைச் சுமந்து போகிறாள். பதிப்பாளர் ஒரே போடாகப் போட்டார். அந்த வயதுப் பெண்ணால் அது முடியாது, பையனாக மாற்றுங்கள், இல்லையென்றால் புத்தகம் கிடையாது என்றார். பையனுக்கு மட்டும் கால் என்ன இரும்பா? மூன்று வருஷ உழைப்பு அந்தரத்தில் தொங்கியது. அக்கா நடந்து காட்டினாலும் பிரயோஜனமில்லை. அவளுக்கு வயது நாற்பத்திரண்டு.

அவள் மகளுக்குத்தான் பதினாலு. அம்மா எழுதிய ஒரு பக்கத்தைக்கூட அவள் அதுவரை புரட்டியதில்லை. பக்கத்துக் கடைக்குப் போகச் சொன்னாலே அவளுக்குக் கால் வலிக்கும். கைபேசியிலிருந்து தலையைத் தூக்காமல் அவள் கேட்டாள்: "பையில எத்தனை கிலோ?"

எட்டு கிலோ. தூரம் முப்பத்தைந்து கிலோமீட்டர். கோட்டை இப்போது வரி அலுவலகம். அதன் வாசலில் சாயங்காலம் வந்து நிற்பதாகப் பதிப்பாளர் சிரித்துக்கொண்டே ஒப்புக்கொண்டார்.

ஞாயிற்றுக்கிழமை விடிந்ததும் கிளம்பினோம். அக்கா மகளோடு நடந்தாள், நான் தண்ணீரோடு சைக்கிளில் பின்னால் போனேன். பையை நாங்கள் தொடக்கூடாது என்பது நிபந்தனை. இருபத்திரண்டாவது கிலோமீட்டரில், ஒரு சிமென்ட் கிடங்கின் எதிரே, மகள் நடைபாதையில் உட்கார்ந்து ஓவென்று அழுதாள். அக்காவுக்கு மனசு கேட்கவில்லை. போதும், பையனாகவே மாற்றிவிடுகிறேன் என்று பையை எடுக்கப் போனாள். மகள் அந்தக் கையைத் தட்டிவிட்டாள். அழுது முடித்து, மூக்கைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

இருட்ட அரைமணி நேரம் இருக்கும்போது வரி அலுவலகப் படியில் பையை இறக்கி வைத்தாள். பதிப்பாளர் பையைத் தூக்கிப் பார்த்தார், கடிகாரத்தையும் பார்த்தார். முகத்தில் ஈயாடவில்லை. எனக்கு உச்சி குளிர்ந்துபோனது. அத்தியாயம் அப்படியே இருக்கட்டும் என்றார்.

"அப்படியே வேணாம்மா," என்றாள் மகள். "முந்தாநாள் முழுசா படிச்சேன். அவ ஒரு இடத்துலகூட அழல. அழுதுட்டுதான் போயிருப்பா. அதையும் எழுது."

அக்கா எழுதினாள். நாவல் இப்போது ஏழாம் பதிப்பில் இருக்கிறது. பள்ளிக்கூடங்களில் கையெழுத்துக்கு வரிசை கட்டுகிற பிள்ளைகள் அந்த அழுகைப் பக்கத்தைத்தான் பிரித்து நீட்டுகிறார்கள். அக்கா அதில் மட்டும் கையெழுத்துப் போடுவதில்லை. பேனாவை மகளிடம் கொடுத்துவிடுகிறாள்.