ரோலா டீக்கடையில் பிரெஞ்சு நடிகை

ஷார்ஜா ரோலாவில் துபாய் பஸ்ஸுக்கு முன் ஒரு டீ குடிக்க நுழைகிறேன். மூலை மேசையில் தனியாகப் பரோட்டா தின்னும் வெள்ளைக்காரப் பெண்ணைப் பார்த்ததும் அடையாளம் தெரிகிறது. பிரெஞ்சு நடிகை! சின்ன முதலீட்டில் எடுத்த அவருடைய படங்களை எங்கள் ஃபிலிம் சொசைட்டி பல வருடங்களாகக் கொண்டாடுகிறது.

கல்லாவில் இருக்கும் கீழக்கரைக்காரர் குரலைத் தாழ்த்துகிறார். "விசிட் விசால வந்து வேலை தேடுது சார், பாவம். ஒரு வாரமா இங்கதான் சாப்பாடு, காசு வாங்கறதில்ல. நம்ம ஸ்பான்சர் கஃபீல்கிட்ட வேலைக்குச் சொல்லி வச்சிருக்கேன்."

"விசிட் விசால வேலைக்கு வச்சா ஃபைன் உங்களுக்குத்தான்," என்கிறேன். ஊரில் பாஸ்போர்ட் அலுவலகத்தில் ஓய்வு பெற்றவன். விதி தானாக வாயில் வரும். "அதோட, அவங்க பெரிய நடிகை. விருதெல்லாம் வாங்கினவங்க."

"எந்தத் தியேட்டர்ல ஓடுச்சு?"

"தியேட்டருக்கு வராது. எங்க சொசைட்டில போடுவோம்."

"டிக்கெட்டு?"

"மெம்பர்களுக்கு இலவசம்."

"அப்ப அவங்களுக்கு யாரு சார் சம்பளம் குடுக்குறது?"

நடிகையின் மேசைக்குப் போகிறேன். ஆங்கிலத்தில் என் பாராட்டை முழுவதும் கேட்டுவிட்டுச் சிரிக்கிறார். இங்கே எடுக்க வந்த படத்தைத் தயாரிப்பாளர் பாதியில் கைவிட்டாராம். படக்குழு ஊர் திரும்பிவிட்டதாம். பாரிஸிலும் வேறு படம் இல்லையாம்.

"கடைக்காரர் வேலை தருவதாகச் சொல்கிறார். நிஜமா?" என்று கேட்டபடி பையிலிருந்து ஒரு போட்டோவை எடுத்து நீட்டுகிறார். ஏதோ திரைப்பட விழாவில், சிவப்புக் கம்பளத்தில் நிற்கிறார்.

போட்டோவை வாங்கித் திருப்பிப் பார்க்கிறேன். வாயில் வந்தது இதுதான்: "விசாவுக்கு இது செல்லாது. வெள்ளைப் பின்னணி வேண்டும்."