பூட்ஸ் போட அம்மன் உத்தரவு

கால்பந்து கிளப்புக்கு மேனேஜர் என்றால், பந்தைத் தவிர மற்ற எல்லாவற்றையும் தூக்கிச் சுமப்பவர் என்று அர்த்தம். அடுக்குமாடிச் சங்கச் செயலாளராக ஒரு வருஷமாவது அவதிப்பட்டவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

முதல் நாள்

பம்ப்செட் கம்பெனியில் முப்பது வருஷம் இருந்து, விற்பனை மேலாளராக ஓய்வு பெற்றவன் நான். சாந்தோமில் ஒரு கிளப் கூப்பிட்டதும் குஷியாகக் கிளம்பிவிட்டேன். முதல் நாளே வருஷாந்திர இலக்கு, மாதாந்திர இலக்கு என்று கலர் கலராக ஒரு சார்ட் ஒட்டினேன். கேப்டன் அந்தோணி அதைப் பொறுமையாக முழுக்கப் படித்தார்.

"எல்லாம் சோக்கா கீது சார். ஷூ லேஸ் வாங்கியாந்தீங்களா?"

மொட்டைமாடி

லாண்டரியில் போட்ட வெள்ளை ஜெர்சிகள் ஒருமுறை ஊதா நிறத்தில் திரும்பி வந்தன. அதிலிருந்து சலவை மயிலாப்பூரில் எங்கள் வீட்டில்தான். மனைவி மறுப்புச் சொல்லவில்லை. துணி உலர்த்தப் போய்விட்டு வந்து ஒரே ஒரு தகவல் மட்டும் சொன்னாள்.

"ஆத்துல இருக்கறது நாம ரெண்டு பேர். கொடியில பதினாறு நிஜார் தொங்கறது. கீழ் ஃப்ளாட் மாமி என்னன்னு கேட்டுண்டிருக்கா."

காப்பு

சீசனின் கடைசி ஆட்டம். தோற்றால் கீழ் டிவிஷனுக்கு இறங்கிவிடுவோம். கோல் போடத் தெரிந்த ஒரே ஆள், ஏசி மெக்கானிக் வேலு. அவன் குடும்பத்தை அரசாங்கம் ஆற்றங்கரைக் குடிசையிலிருந்து ஊருக்கு வெளியே பெரும்பாக்கத்துக்கு மாற்றிவிட்டது. அம்மன் மட்டும் பழைய இடத்திலேயே இருக்கிறாள். ஆடித் தீமிதிக்காக அங்கே போய்க் காப்புக் கட்டிக்கொண்டு வந்து நின்றான். தீ மிதிக்கிற வரைக்கும் காலில் எதுவும் போடமாட்டானாம். பூட்ஸ் இல்லாமல் ரெஃப்ரி உள்ளே விடமாட்டார். கோயில் பூசாரி அவனுடைய தாய்மாமன் என்று தெரிந்ததும் ஆட்டோ பிடித்து ஓடினேன். அவர் யோசித்துத்தான் பதில் சொன்னார்.

"வெளாட்டுக்குன்னா கூடாது சார். வவுத்துப் பொழப்புக்குன்னா போட்டுக்கலாம், ஆத்தா கோச்சிக்க மாட்டா."

ஆர்டர்

பிழைப்புத்தானே? அன்றைக்கே கிளப் லெட்டர்பேடில் ஒரு அப்பாயின்ட்மென்ட் ஆர்டர் அடித்தேன். ஞாயிறுதோறும் காலை ஆறு மணிக்குச் சிறுவர்களுக்குப் பயிற்சி தரவும், கிளப்புக்காக ஆடவும் வேலு நியமிக்கப்படுகிறார், மாதச் சம்பளம் உண்டு. அவன் இரண்டு தடவை படித்துவிட்டு, நிஜமா என்று கேட்டான். நிஜம் என்றேன். உண்மையில் என் மனசில் அந்த ஒரு ஆட்டம்தான் இருந்தது. அவன் வாழ்க்கையில் அதுதான் முதல் ஆர்டர் என்று எனக்கு அப்போது தெரியாது. பூசாரி அதை அம்மன் காலடியில் வைத்துக் குங்குமத்தோடு திருப்பிக் கொடுத்தார்.

பூட்ஸ் போட்டு ஆடினான், ஒரு கோல் போட்டான், தப்பித்தோம். வெள்ளிக்கிழமை தீயும் மிதித்தான். ஞாயிற்றுக்கிழமை நான் நடைப்பயிற்சிக்கு மைதானத்துப் பக்கம் போனால், இஸ்திரி போட்ட சட்டையும் கழுத்தில் விசிலுமாக நிற்கிறான். கையில் பிளாஸ்டிக் உறை போட்ட அந்த ஆர்டர். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

"ஆறு மணிலேர்ந்து நின்னுக்கினு கீறேன் சார். பசங்கல்லாம் எங்க?"

எதையும் முன்கூட்டித் திட்டமிட வேண்டும் என்று முப்பது வருஷம் ஊருக்கு உபதேசம் செய்த நான், அன்று காலை மைதானத்தை ஒட்டிய மீனவர் குப்பத்தில் வீடு வீடாகக் கதவைத் தட்டிப் பிள்ளை பிடித்து, கொடுத்த வேலைக்கு வேலை தேடிக் கொடுத்தேன்.