பித்தளைத் தட்டும் எர்ணாகுளத்துத் தடை உத்தரவும்

மைனி என் மகளின் முதுகுக்குப் பின்னால் பித்தளைத் தட்டைப் பிடித்துக்கொண்டு அகப்பைக் காம்பால் ஓங்கி அடித்தார். தொழுவத்தில் பசு மிரண்டது. மகள் திரும்பவில்லை. அவளுக்கு அப்போது இரண்டு வயது தாண்டியிருந்தது. பெற்றவள் நான், 'பேச்சு தாமதம்' என்று சொல்லி என்னையே ஏமாற்றிக்கொண்டிருந்தேன். என் அண்ணன் மனைவியான மைனிதான் ஒரே அடியில் உண்மையைக் கண்டுபிடித்தார்.

பேச்சு வருகிற வயது இது, தள்ளிப்போடாதீர்கள் என்று டாக்டர் சொன்னார். வளையலை விற்றுக் காதுக்கருவி வாங்கினோம். சில வாரங்கள் கேட்டது. பிள்ளை 'ம்மா' என்றுகூடச் சொன்னாள். பிறகு கருவி செத்துப்போனது. கடைக்காரர் மாற்றித் தர மறுத்ததால் நுகர்வோர் மன்றத்துக்குப் போனோம். அது சாட்சிப்பொருள், பழுது பார்க்கக் கொடுத்தால் கேஸ் போய்விடும் என்றார் எங்கள் வக்கீல். இன்னொன்று வாங்க எங்களுக்கு வக்கில்லை. புதுக்கருவி தர வேண்டும் என்று மன்றம் தீர்ப்பளித்தபோது, இனி பிள்ளை பேசிவிடுவாள் என்று நம்பினேன்.

கடைக்காரர் மேல்முறையீடு செய்ய வேண்டிய மாநில ஆணையம் திருவனந்தபுரத்தில் இருந்தது. நெய்யாற்றின்கரையில் பஸ் ஏறினால் போதும். அவர் அங்கே போகவில்லை. எர்ணாகுளம் உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டு, தீர்ப்புக்குத் தடை வாங்கினார். அதோடு எல்லாம் நின்றது. எனக்கு விடுப்பு கிடைக்காத போதெல்லாம் மைனிதான் அமரவிளையில் இருந்த தன் கடையை அடைத்துவிட்டுப் பாறசாலையில் எர்ணாகுளத்துக்கு ரயிலேறுவார். திரும்பி வந்து, "இன்னைக்கும் கேஸ எடுக்கல்ல மக்கா. பெஞ்சுல இருந்து இருந்து எனக்க இடுப்பு போனதாக்கும் மிச்சம்" என்பார். மகள் பள்ளி செல்லும் வயதை எட்டிவிட்டாள்.

ஒருநாள் வாசலிலேயே கத்திக்கொண்டு வந்தார்: "அவனுக்க மனுவ தள்ளியாச்சு மக்கா! நாம ஜெயிச்சாச்சு!" பாயசம் வைத்தார். அதே தட்டை எடுத்துக் கொட்டடித்தார். மகள் பாயசத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் வக்கீல் விளக்கினார். மேல்முறையீட்டுக்கு வேறு இடம் இருப்பதால் உயர்நீதிமன்றம் தலையிடாது. இனி அவர் ஆணையத்துக்குப் போகலாம். உயர்நீதிமன்றத்தில் போன காலத்தைத் தாமதக் கணக்கிலிருந்து கழித்துவிடுவார்கள்.

மைனி கேட்டார்: "அப்பம் இனியாக்கும் தொடக்கமா சாரே? வழி திருவனந்தபுரத்துல உண்டுன்னு அவனுக்குத் தெரியாதா?"

"தெரியாமலா அம்மா? தடை கிடைச்சுதே."

"அவனுக்க காலத்தக் கழிச்சாச்சு. எங்க பிள்ளைக்க காலத்த ஆரு கழிப்பா?"

வக்கீல் ஃபைலைக் கட்டினார்.

பின்னாளில் அந்தச் சட்டத்தைப் படித்தேன். வேறு வழி இருக்கும்போது உயர்நீதிமன்றம் நுழையக்கூடாது என்பது சரிதான். அந்தச் சரியை முதல் நாளே சொல்லியிருக்கக்கூடாதா? தடை கொடுக்கும்போது தெரியாத வேறு வழி, தள்ளும்போது மட்டும் எங்கிருந்து வந்தது? இதைக் கேட்டுக் கேட்டு எனக்கே அலுத்துவிட்டது.

ஆணையத்திலும் நாங்களே வென்றோம். புதுக்கருவியை மாட்டி மைனி பேர் சொல்லிக் கூப்பிட்டதும், மகள் பயந்து அதைப் பிடுங்கி எறிந்தாள். பழக்கினோம், சத்தம் கேட்டது, சொல்லாகத் தேறவில்லை. அவள் கைகளால் பேசக் கற்றாள்.

மைனி இப்போது இல்லை. மகளுக்குக் குழந்தை பிறந்து சில மாதங்கள் ஆகின்றன. போன வாரம் அந்தத் தட்டைத் தேடி எடுத்துக் குழந்தையின் பின்னால் நின்று அடித்தேன். பேத்தி சட்டென்று திரும்பினாள். நம்பிக்கை வராமல் மறுபடி அடித்தேன். மறுபடியும். குழந்தை வீறிட்டு அழுதது. அழும் முகத்தைப் பார்த்து ஓடிவந்த மகள், என் கையிலிருந்து தட்டைப் பிடுங்கிக்கொண்டாள்.