கூரை தெரியாத ஊர்

சத்தியமாக நடந்தது. பட்டப்பகலில், ஏசி ஆபீசில் பேய்க்குப் பயந்தவன் உலகத்திலேயே நான் ஒருவன்தான் என்று என் மனைவி மெஹர் நிஷா இன்றும் சிரிக்கிறாள். சிரிக்கட்டும்.

ரிச்சர்ட்சன் என்ற அமெரிக்க ஊரில் எனக்கு மேப் திருத்தும் வேலை. சாட்டிலைட் படத்தில் கூரை தெரியவில்லையா, ஊர்ப் பெயரை நீக்கிவிடுவோம். பெயர் சரிபார்ப்பவரிடம் முதலில் கேட்க வேண்டும். அன்று மதியம், பிரியாணி மயக்கம். கேட்கவில்லை. தஜிகிஸ்தானில் ராஷ்ட் மாவட்டம். சுற்றிலும் பனிமலைகள், கீழே சுர்கோப் ஆறு, சரிவில் மஞ்சள் மண். வீடே இல்லை. ஒரே கிளிக். ஊர் காலி.

2:17. திரையில் ஒரு புகார், மொழிபெயர்ப்போடு.

"எங்கள் ஊர் எங்கே?"

அனுப்பிய இடம்... மேப்பில் ஒரு புள்ளி, அந்த மண்ணின் நடுவே.

"ஜெபினா, யாரோ பிராங்க் பண்றாங்க."

பக்கத்து சீட் ஜெபினா எட்டிப் பார்த்தாள். "ஊரையே டெலீட் பண்ணிட்டு பிராங்க்ன்றியா? அன்டூ பண்ணு, லூசு."

பண்ணினேன். பெயர் திரும்பவில்லை. மறுபடி பண்ணினேன். ம்ஹூம். அதற்குள் அடுத்த புகார்.

"தரை ஆடுகிறது. மூன்று பிள்ளைகளோடு நிற்கும் தாய் நான். எந்தப் பக்கம் ஓடுவது?"

கேலியெல்லாம் வடிந்துவிட்டது. ஜெபினா அந்த நாட்டு அவசர எண்ணைத் தேடினாள். நான் வழி தேடினேன். ஒரு ரோடுகூட இல்லை.

நான் நாகப்பட்டினத்துக்காரன். சுனாமி பார்த்தவன். தரை ஆடினால் எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். தட்டினேன்: "மேட்டுக்கு ஓடுங்கள்."

புள்ளி நகர்ந்தது. மேலே... மெதுவாக... இடுப்பில் பிள்ளையோடு ஏறுகிற வேகம்.

"சின்னவனால் ஓட முடியவில்லை."

"தூக்கிக்குங்க," என்று திரையைப் பார்த்துத் தமிழிலேயே கத்தினேன்.

கழற்றி வைத்திருந்த ஹெட்செட்டில் சத்தம். கரகர... கரகர... மண் சரிவதுபோல.

புள்ளி நின்றது.

சத்தமும்.

அப்படி ஒரு புகாரே வரவில்லை என்றது சப்போர்ட் டீம். லீவு எடுத்துக்கோ என்றார் மேனேஜர். மெஹர் நிஷா குர்ஆன் ஓதி என் முகத்தில் ஊதினாள். அந்தப் பெண் என்ன ஆனாள் என்று மட்டும் யாரும் சொல்லவில்லை.

கடைசியில், பெயர் சரிபார்க்கும் ஃபர்ஹோதை வீடியோ காலில் பிடித்தேன். ராஷ்டில் பிறந்தவர். திட்டுவார் என்று நினைத்தேன். திட்டவில்லை.

"1949இல் பெரிய நிலநடுக்கம், கமால். மலை சரிந்து ஊரை மூடியது. அந்த மண்ணுக்குக் கீழேதான் எல்லோரும் இருக்கிறார்கள். தோண்டி எடுக்க முடியவில்லை. பெயரை மட்டும் மேப்பில் விட்டுவைத்திருந்தோம்."

"யாருமே தப்பிக்கலையா?"

"ஆற்றுப் பக்கம் ஓடியவர்கள், சிலர்."

"மேட்டுக்கு ஓடினவங்க?"

அவர் கண்ணாடியைக் கழற்றினார்.

"இல்லை, கமால். மலை அங்கிருந்துதான் வந்தது."