கேமரா இரண்டில் இருந்த பதில்

படத்தை சேனலில் ஒப்படைக்க இரண்டு நாள்தான் இருந்தது. கடைசிக் காட்சியில் சிக்கிக்கொண்டோம்.

துபாய் கராமாவில் ஒரு மெஸ்ஸுக்கு மேல் மாடியில் எங்கள் எடிட் ரூம். நான் அசிஸ்டென்ட் எடிட்டர். அல் ஐனில் வளர்ந்தவள், மாலுக்குள் இருக்கும் செயற்கைப் பனியைத் தவிர வேறு பனி பார்த்ததில்லை. இயக்குநர் பஷீர் காக்கா காயல்பட்டினத்துக்காரர்; அந்த ஊரில் அண்ணனைக் காக்கா என்பார்கள். கனடாவின் வடகோடிக்குப் பல வருடங்களாகப் போய், அங்குள்ள பழங்குடிகளான இன்யூட் மக்களோடு தங்கிப் படம் எடுப்பவர். எடிட் மட்டும் இங்கே. வெளியே வெயில் கொளுத்தும், அவர் ஏசியைக் குளிரக் குளிர வைத்துவிட்டு ஸ்வெட்டரோடு உட்காருவார். "வேர்த்துக்கிட்டே பனியக் கட் பண்ணா கட் தப்பாயிரும்மா."

கடைசிக் காட்சியில் லீட்டியா என்ற பெண் சீல் என்ற கடல்நாயின் தோலில் காலணி தைத்தபடி தனக்குள் பாடுகிறார். எத்தனை தடவை ஓட்டினாலும் பாட்டில் மயங்கி என் கை மவுஸை விட்டுவிடும். பாட்டு முடிந்ததும் காக்கா கேட்கிறார், "இதப் படத்துல வைக்கலாமா?" மொழிபெயர்ப்பவர் அதை அவர் மொழியில் சொல்கிறார். பிறகு கெட்டில் கொதிக்கும் சத்தம் மட்டும். ஆடியோவை வைத்து டிரான்ஸ்கிரிப்ட் எழுதிய நான் 'பதில் இல்லை' என்று போட்டிருந்தேன்.

தயாரிப்பாளர் சிவா அண்ணனுக்கு அது போதும். "வேணாம்னு சொல்லலைல்ல பாய்? கலாஸ், முடிஞ்சுது, எக்ஸ்போர்ட் போடுங்க. சேனல்காரன் படத்த வாங்குறதே அந்தப் பாட்டுக்காகத்தான்."

"காக்கா, அப்ப நீங்க அவங்க முகத்தப் பாக்கலையா?" என்றேன்.

"கண்ணு வ்யூஃபைண்டர்ல இருந்துச்சு. மொழிபெயர்த்தவரும் டீ போடத் திரும்பிட்டாரு. ஃப்ரேம்ல கையும் ஊசியும்தான்." சட்டென்று நிமிர்ந்தார். "ரெண்டாவது கேமரா ஓடிச்சே! அங்க பாதிப் பேச்சு முகத்துலதாம்மா. புருவத்தத் தூக்குனா ஆமா. மூக்கச் சுருக்குனா இல்ல."

ஜன்னல் வெளிச்சத்துக்காக ஸ்டாண்டில் வைத்து மறந்துபோன வைட் ஷாட் அது. யாரும் திறந்தே பார்க்கவில்லை. ஆடியோவோடு சிங்க் செய்து ஓட்டினேன். கேள்வி. கெட்டில் சத்தம். லீட்டியா காக்காவைப் பார்த்து மூக்கைச் சுருக்கினார். காக்கா நிமிரவில்லை என்பதால் கொஞ்சம் காத்திருந்து இன்னொரு முறை.

"மூக்கு அரிச்சிருக்கும்," என்றார் சிவா அண்ணன்.

"ரெண்டு தரமா?" என்றார் காக்கா.

"யாருக்குத் தெரியப் போவுது பாய்?"

"லீட்டியா ஊர் ஹால்லதான் முதல்ல போடுவேன் சிவா. எல்லாருக்கும் தெரியும். அடுத்த வருஷம் நான் அவங்க வாசல்ல போய் நிக்கணுமா வேணாமா?"

பாட்டை வெட்டி நீக்கினோம். ஊசி தோலைத் துளைக்கும் சத்தத்தில் படம் முடிந்தது. சேனல் வேண்டாம் என்றது. சிவா அண்ணன் ஒரு வாரம் எங்களோடு பேசவில்லை.

சில மாதம் கழித்து அந்த ஹாலிலிருந்து காக்கா ஒரு வீடியோ அனுப்பினார். படம் முடிந்து விளக்கு போட்டிருக்கிறார்கள். "சரியா வந்திருக்கா?" என்று கேட்கிறார். முன்வரிசையில் லீட்டியா திரும்புகிறார். வாய் திறக்கவில்லை. புருவம் இரண்டும் மேலே போகின்றன.

எடிட்டுக்கு வரும் தம்பி தங்கைகளே, 'பதில் இல்லை' என்று டைப் அடிக்கும் முன் எல்லா கேமராவையும் ஓட்டிப் பாருங்கள்.